உங்களுக்குத் தெரியுமா? செம்பூரில் ஒரு கத்தரிக்கோல்

மும்பையில், அணுசக்தி நகரிலிருந்து சயான் போகிற சாலையில், செம்பூரில்தான் இருந்தது ராஜ் கபூரின் ஆர்.கே. ஸ்டுடியோ. அவருடைய ‘ஆவாரா’ (1951), ‘ஸ்ரீ 420’ (1955) படங்களின் எடிட்டர் ஜி.ஜி. மாயேகர். போஸ்டரில் எடிட்டர் முகத்தை யார் போட்டார்கள்! திருவல்லிக்கேணியில் பிறந்த வைஜயந்திமாலா நடித்த ‘சங்கம்’ (1964) படத்துக்கு ராஜ் கபூரே கத்தரியைக் கையில் எடுத்தார்.

35 மி.மீ. ஃபிலிமில் ஒரு நிமிடம் என்பது 90 அடி. அன்று பாசிட்டிவ் பிரதியை வெட்டி, ஓரத்தைச் சுரண்டி, ஃபிலிம் சிமென்ட் தடவி ஒட்ட வேண்டியிருந்தது. பிரித்து மறுபடி ஒட்டினால் ஒரு ஃபிரேம் போச்சு! அத்தனை வெட்டியும் ‘சங்கம்’ கிட்டத்தட்ட 4 மணி நேரம், இடைவேளையே இரண்டு. சிறந்த எடிட்டருக்கான ஃபிலிம்ஃபேர் விருதும் ராஜ் கபூருக்கே.