தஸ்பீஹ் மணி: சொல்லும் எண்ணும் வழக்கும் – பழவேற்காடு, கும்மிடிப்பூண்டி வட்டாரங்களை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

இஸ்லாமியர் இறைத்துதியை எண்ணுவதற்குக் கையாளும் மணிக்கோவை தமிழில் ‘தஸ்பீஹ் மணி’ எனப்படுகிறது. ஆய்வேடுகளிலும் மொழிபெயர்ப்புகளிலும் இதனை ‘ஜெபமாலை’ எனக் குறிக்கும் வழக்கம் உள்ளது. துதிக்கும் செயலைக் குறிக்கும் ஒரு சொல், இதனால் ஒரு பொருளின் பெயராக மட்டும் சுருங்கிவிடுகிறது. களத்தரவுகளும் பிழைபட விளக்கப்படுகின்றன. இதனைத் திருவள்ளூர் மாவட்டத்தின் பழவேற்காடு, கும்மிடிப்பூண்டி வட்டாரங்களில் கண்ட வழக்குகளின் துணையுடன் இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: தஸ்பீஹ், திக்ர், மணிக்கோவை, விரல் எண்ணிக்கை, பழவேற்காடு, புழங்குபொருள் பண்பாடு.

முன்னுரை

பழவேற்காட்டில் களப்பணி தொடங்கிய நாள்களில், வீடுகளில் உள்ள சமயம் சார்ந்த புழங்குபொருள்களைப் பட்டியலிட்டபோது, ‘ஜெபமாலை (இஸ்லாமியம்)’ என்றொரு தலைப்பைக் குறிப்பேட்டில் எழுதி வைத்திருந்தேன். பனையோலைப் பெட்டி முடைந்துகொண்டிருந்த மூதாட்டி ஒருவர், நான் எழுதியதை வாசித்துக்காட்டச் சொல்லிக் கேட்டுவிட்டுச் சிரித்தார். “மாலைன்னு எழுதாதம்மா. கழுத்துல போடுறதா இது? கணக்குப்பிள்ளை, அவ்வளவுதான்” என்றார். அந்தத் தலைப்பை அப்போதே அடித்துவிட்டேன். ஏன் அடிக்க வேண்டியிருந்தது என்பதை முழுமையாக உணர்ந்துகொள்ள மேலும் சில மாதங்கள் ஆயின.

பழவேற்காடு இத்தகைய பெயர்க்குழப்பம் எளிதில் நேரக்கூடிய ஊர். போர்ச்சுக்கீசியர் வணிகம் செய்த இவ்வூரில் டச்சுக்காரர் 1613இல் கெல்டிரியா கோட்டையை எழுப்பினர். அரபுத்தமிழ் மரபை நெடுங்காலம் பேணிவந்த முஸ்லிம் குடும்பங்கள், மகிமை மாதா ஆலயத்தைச் சார்ந்த கத்தோலிக்கர், சிவன், பெருமாள் கோயில்களைச் சார்ந்தோர் எனப் பலரும் நடந்து சேரும் தொலைவிலேயே வாழ்கின்றனர். உருத்திராக்கம், செபமாலை, தஸ்பீஹ் மணி ஆகிய மூன்றும் ஒரே ஊரில் புழங்குகின்றன. மூன்றும் மணிகளைக் கோத்துச் செய்யப்பட்டவை. ஆயினும் அவற்றுக்கு ஒரே பெயர் பொருந்தாது.

சொல்லும் வினையும்

‘தஸ்பீஹ்’ என்பது அரபு மொழியில் தொழிற்பெயர். இறைவன் எல்லாக் குறைகளினின்றும் தூயவன் எனப் போற்றுதல், அதாவது ‘சுப்ஹானல்லாஹ்’ எனக் கூறுதல், அதன் பொருள். இதன் வேரெழுத்துகளிலிருந்து ‘நீந்துதல்’ என்னும் பொருள் தரும் வினையும் பிறக்கிறது. கதிரும் நிலவும் தத்தம் பாதையில் செல்வதைக் குர்ஆன் (21:33, 36:40) அவ்வினையாலேயே கூறுகிறது. மணிக்கோவைக்கு அரபில் வழங்கும் பெயர்கள் ‘ஸுப்ஹா’, ‘மிஸ்பஹா’ என்பன. ஹதீஸ் நூல்களில் ‘ஸுப்ஹா’ உபரித் தொழுகையைக் குறிக்கிறது. மணிக்கோவை என்னும் பொருள் அச்சொல்லுக்குப் பின்னாளில் ஏற்பட்டது. துருக்கி, பாரசீகம், உருது, மலாய் ஆகிய மொழிகளில் செயலின் பெயரே கருவிக்கும் ஆயிற்று. மணியைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லான ‘பீட்’ என்பதும் பழைய ஆங்கிலத்தில் வேண்டுதலையே குறித்தது என்பது இங்கு ஒப்புநோக்கத்தக்கது. வேண்டுதலை எண்ண உதவிய உருண்டைக்கு அப்பெயர் பின்னர் வந்து ஒட்டிக்கொண்டது.

தமிழ் வழக்கு இவ்விடத்தில் சற்று நுட்பமானது. கருவியைச் சுட்டும்போது ‘மணி’ என்னும் சொல் பெரும்பாலும் உடன் சேர்கிறது. சேராதவிடத்தும் வினை காட்டிக்கொடுத்துவிடுகிறது. ‘தஸ்பீஹ் ஓதினார்’ என்றால் துதித்தார் என்று பொருள். ‘தஸ்பீஹ் உருட்டினார்’ என்றால் கையில் மணி இருந்தது என்று பொருள். முன்னதில் மணி இருக்கலாம், இல்லாமலும் போகலாம். கும்மிடிப்பூண்டி ஆலைகளில் பணிபுரியும் பீகார்த் தொழிலாளர்களின் பேச்சிலும் இதே வேறுபாடு உண்டு: துதித்தலுக்குத் ‘தஸ்பீஹ் பட்னா’ என்றும் மணியை உருட்டுதலுக்குத் ‘தஸ்பீஹ் ஃபேர்னா’ என்றும் கூறுகின்றனர். தகவலாளியின் வாய்மொழியை எழுத்தில் பதியும்போது பெயர்ச்சொல்லை மட்டும் குறித்துக்கொண்டு வினையை விட்டுவிட்டால் இந்த வேறுபாடு மறைந்துவிடும்.

‘தஸ்பீஹ் தொழுகை’ இதற்குத் தெளிவான சான்று. நான்கு ரக்அத்துகளில், ஒவ்வொன்றிலும் 75 முறை என மொத்தம் 300 முறை துதிவாசகம் ஓதும் உபரித் தொழுகை இது. ரமலான் மாதத்து இரவுகளில் பலர் இதனைத் தொழுகின்றனர். நிற்றல், குனிதல், நெற்றி நிலத்தில் படிய வணங்குதல் ஆகிய நிலைகளுக்கிடையே மணியை உருட்ட இயலாது. விரல்களை மெல்ல அழுத்தி எண்ணிக்கொள்வர். இதனை ‘ஜெபமாலைத் தொழுகை’ என எவரேனும் பெயர்த்தால், மணிக்கு இடமே இல்லாத ஒரு வழிபாட்டில் மணியைப் புகுத்தியதாகிவிடும்.

எண்ணின் அடிப்படை

குர்ஆன் (33:41) இறைவனை மிகுதியாக நினைவுகூரச் சொல்கிறது. இத்தனை முறை என அங்கு எண் வரையறுக்கவில்லை. எண்கள் ஹதீஸ்களில் வருகின்றன. கடமையான தொழுகைக்குப்பின் ‘சுப்ஹானல்லாஹ்’, ‘அல்ஹம்துலில்லாஹ்’, ‘அல்லாஹு அக்பர்’ ஆகியவற்றை 33 முறை வீதம் ஓதி, 99 ஆனதும் இறைவன் ஒருவனே எனும் வாசகத்தால் நூறை நிறைவுசெய்யும் முறையை அபூஹுரைரா அறிவித்ததாக முஸ்லிமின் தொகுப்பு தருகிறது.

இதனினும் கருதத்தக்கது ‘ஃபாத்திமா தஸ்பீஹ்’ என வழங்கும் முறை. திருகை சுற்றிக் கை நொந்துபோன ஃபாத்திமா, பணியாள் ஒருவரைக் கேட்கத் தந்தையாகிய நபியிடம் சென்றார். அதற்கு ஈடாக, உறங்கப்போகுமுன் 33, 33, 34 எனத் துதிக்கும் முறையை நபி கற்பித்தார் என்பது புகாரி, முஸ்லிம் ஆகிய இரு தொகுப்புகளிலும் இடம்பெறும் செய்தி. ஷீஆ பிரிவினரிடம் இதன் வரிசை மாறி, 34 முறை ஓதும் ‘அல்லாஹு அக்பர்’ முதலில் வருகிறது. உழைத்து ஓய்ந்த கைக்குக் கற்பிக்கப்பட்ட எண் இது என்பதை ஆய்வாளர் பலர் கவனிக்காமலே கடந்துவிடுகின்றனர். பழவேற்காட்டில் ஓலை முடையும் பெண்கள் இச்செய்தியை எனக்கு ஒருமுறைக்கு இருமுறை கூறினர்.

மணிக்கோவையின் அமைப்பு இவ்வெண்களைத் தழுவியது. 99 அல்லது 100 மணிகள் கொண்டது ஒருவகை. மும்முறை உருட்டவேண்டிய 33 மணிகள் கொண்டது மற்றொரு வகை. பெரிய வகையில் 33ஆம், 66ஆம் மணிகளுக்கு அடுத்து வடிவம் வேறுபட்ட பிரிப்பு மணி இருக்கும். கண்ணால் பாராமலே விரல் அதனை உணர்ந்துகொள்ளும். கோவையின் இரு முனைகளும் கூடுமிடத்தில் நீண்ட மணியொன்று அமையும். துருக்கியர் அதனை ‘இமாமெ’ என்பர். 99 என்னும் எண்ணை இறைவனின் திருநாமங்களோடு இணைத்துக் கூறுவதும் உண்டு.

இந்திய மரபின் 108 மணிகளோடு இதனை ஒப்பிட்டு, மணிக்கோவை இந்தியாவிலிருந்தே மேற்காசியா சென்றது என்னும் கருத்தை இக்னாஸ் கோல்ட்சிகர் 1890இல் எழுதிய கட்டுரையில் முன்வைத்தார். கருவி இங்கிருந்து சென்றிருக்கலாம். ஆனால் கருவியோடு அதன் பொருளும் சென்றது எனக் கொள்வதற்கில்லை. ஜபமாலையில் மேருமணியைக் கடக்காமல் திருப்பி உருட்டுவர். தஸ்பீஹ் மணியில் அத்தகைய விலக்கு இல்லை. உருத்திராக்கத்தில் அந்த விதையே புனிதமானது. தஸ்பீஹ் மணியோ ஒலிவமரம், சந்தனம், பேரீச்சங்கொட்டை, அகீக் கல், நெகிழி என எதனாலும் அமையலாம். கர்பலா மண்ணாலான மணியை ஷீஆ பிரிவினர் போற்றுவது இதற்கு விதிவிலக்கு.

விரலா, மணியா?

மணிக்கோவைக்கு முன்னிருந்த கருவி விரல். யுஸைரா என்னும் பெண்மணி அறிவித்து அபூதாவூத், திர்மிதீ தொகுப்புகளில் உள்ள செய்தி, விரல்களால் எண்ணுமாறு பெண்களுக்கு நபி கூறியதாகக் குறிப்பிடுகிறது. மறுமையில் அவ்விரல்களும் வினவப்பட்டுப் பேசும் என்பது அதற்குக் காரணம். விரலுக்கு மூன்று கண்ணறை என்று கொண்டால், பதினொரு விரல் எண்ணும்போது 33 ஆகிவிடும். ‘விரல்விட்டு எண்ணிவிடலாம்’ என்று சிறுதொகையைச் சொல்லும் நம் மரபுத்தொடர் இங்கு அவ்வளவாகப் பொருந்தவில்லை.

ஒரு பெண் பேரீச்சங்கொட்டைகளையோ கூழாங்கற்களையோ முன்வைத்து எண்ணியதைக் கண்ட நபி, அதனினும் எளிய துதி ஒன்றைக் கற்பித்ததாகவும் ஒரு செய்தி உண்டு. வெளிப்படையாகத் தடுக்கவில்லை, எனவே கருவி ஆகும் என்பது ஒரு சாரார் கொள்கை. வேறொன்றைக் காட்டியதே விலக்கியதற்கு ஒப்பு என்பது மறுசாரார் கொள்கை. ஸுயூத்தி (1445–1505) மணிக்கோவையை ஆதரித்துத் தனியொரு சிறுநூலே இயற்றினார். இப்னு தைமிய்யா (1263–1328) விரலே நபிவழி என்றார். எண்ணம் தூயதாயின் மணியும் நன்றே என்றார். பிறர் காணப் பகட்டாக ஏந்துவதைக் கண்டித்தார். கடந்த நூற்றாண்டின் அல்பானி (1914–1999) இதனை நூதனச் செயல் என ஒதுக்கினார். தமிழகத்தில் 1980கள் முதல் வலுப்பெற்ற தவ்ஹீத் சிந்தனையினர் விரலையே வலியுறுத்துகின்றனர். ஒரே வீட்டில் பாட்டி மணியையும் பேரன் விரலையும் பயன்படுத்துவதைக் காணமுடிந்தது. வழக்காடி ஓய்ந்துவிட்டதாக இருவருமே கூறினர்.

மற்றொரு புறமும் உண்டு. அதனை மறைப்பது நேர்மையாகாது. சூஃபி நெறிகளில் குருவாகிய ஷெய்கு, ஓதவேண்டிய ‘விர்து’க்கு அனுமதி அளிக்கும்போது மணிக்கோவையையும் தருவதுண்டு. பெரியவர் ஒருவர் உருட்டிய மணியைப் பரக்கத் உடையதாகப் போற்றிக் கண்ணில் ஒற்றிக்கொள்வர். ஃபக்கீர்கள் அதனைக் கழுத்திலும் அணிவர். “கழுத்துல போடுறதா இது?” என்ற மூதாட்டியின் கூற்று அவரது வீட்டு வழக்கு, எல்லார்க்கும் பொதுவிதியன்று. எனினும், இங்கும் மணிக்குப் பெருமை வருவது உருட்டிய கையாலும் ஓதிய வாயாலும் தான்.

புளியங்கொட்டை

கூட்டாக ஓதும்போது மணிக்கோவை போதாமற்போகிறது. இறந்தவர்க்காகக் கலிமாவை 70,000 முறை ஓதும் வழக்கமும், இடர் நீங்க வேண்டி ஸலாத்துந் நாரிய்யாவை 4444 முறை ஓதும் வழக்கமும் தமிழ் முஸ்லிம்களிடையே உள்ளன. தவ்ஹீத் பிரிவினர் இவற்றையும் ஏற்பதில்லை. ஒருவர் எண்ணிக்கையை மற்றவர் எண்ணிக்கையோடு கூட்டினால்தான் இத்தொகை நிறையும். நான் கண்ட ஒரு வீட்டில், கழுவி உலர்த்திய புளியங்கொட்டைகள் தாம்பாளத்தில் குவிக்கப்பட்டிருந்தன. ஆளுக்கொரு கைப்பிடி அள்ளிக்கொண்டு, ஓத ஓத ஒவ்வொன்றாக மற்றொரு பாத்திரத்தில் இட்டனர். முதல் தாம்பாளம் காலியானால் ஒரு சுற்று முடிந்தது. யார் எவ்வளவு ஓதினார் என்று எவரும் கேட்கவில்லை. விரைந்து ஓதுபவர் மீண்டும் அள்ளிக்கொண்டார், முதியவர் மெல்ல ஓதினார்.

அரபு நாட்டுப் பெண்ணின் முன்னிருந்த பேரீச்சங்கொட்டைக்கும் இந்தப் புளியங்கொட்டைக்கும் இடையே வேறுபாடு மரத்தளவில் மட்டுமே. மறுநாள் அக்கொட்டைகள் பழைய பால்மாவு டப்பாவிற்குள் போயின. புழங்குபொருள் ஆய்வில் இவை ‘சமயப்பொருள்’ என எந்தப் பட்டியலிலும் இடம்பெறா. மணிக்கோவையை மட்டும் தேடிச் செல்பவர் கண்ணில் இவை படவும் மாட்டா.

ஆலைக்குள்

கும்மிடிப்பூண்டி சிப்காட் வளாகத்தைச் சுற்றிய குடியிருப்புகளில் வெளிமாநிலத் தொழிலாளர் மிகுதி. வெள்ளிக்கிழமைகளில் பள்ளிவாசலுக்கு வெளியே தொப்பி, அத்தர், மிஸ்வாக் குச்சி ஆகியவற்றோடு மணிக்கோவைகளும் விற்கப்படுகின்றன. அவற்றினும் விரைந்து விற்பது விரலில் மாட்டும் மின்னணு எண்ணி. பொத்தானை அழுத்தினால் எண் ஏறும். மணிக்கோவையில் எண் தொடுகையாக இருந்தது. இதில் அது கண்ணால் படிக்கும் இலக்கமாகிவிட்டது. ஆயிரம், ஈராயிரம் என நாள்தோறும் ஓதுவோர்க்கு இது உதவி. 33க்கு இது தேவையே இல்லை என்று கடைக்காரரே சொன்னார்.

ஓலை முடையும் பெண்களிடம் வேலையின்போது எவ்வாறு எண்ணுவீர்கள் எனக் கேட்டதற்கு, “கை ஓலையில இருக்கும்போது எண்ணுறதில்ல, வாய் பாட்டுக்கு ஓதும்” என்பதே விடையாக வந்தது. மணியும் இல்லை, விரலும் இல்லை, எண்ணும் இல்லை; ஆனால் அதுவும் தஸ்பீஹ்தான். இரும்பு உருட்டாலை ஒன்றில் பணிபுரியும் இளைஞர் மற்றொரு விடை தந்தார். சுழலும் எந்திரத்தருகே தொங்கும் பொருள் எதுவும் கூடாதென்பதால் மணிக்கோவையை அறையிலேயே வைத்துவிட்டுச் செல்கிறார். இரவுப்பணி இடைவேளையில் தொழுதபின், மீண்டும் கையுறையை மாட்டிக்கொண்டு, அதனுள்ளேயே பெருவிரலை ஒவ்வொரு கண்ணறைக்கும் நகர்த்தி எண்ணுகிறார். இடையில் சங்கு ஊதிவிட்டால் கணக்கு விட்டுப்போகும். அப்போது என்ன செய்வீர்கள் என்றேன். முதலிலிருந்து தொடங்குவேன் என்றார்.