உருளைக்கிழங்கு வயலில் முளைத்த ஊர்

ஒரே நாளில் 30 வீடுகள்!

இது கட்டுக்கதை அல்ல. அமெரிக்காவில் நடந்த உண்மை. அந்த ஊரின் பெயர், லெவிட்டவுன். நியூயார்க் நகரத்துக்குக் கிழக்கே, லாங் தீவில் இருக்கிறது.

வீடு இல்லாத வீரர்கள்

2-வது உலகப்போர் 1945-ல் முடிந்தது. போர் வீரர்கள் லட்சக்கணக்கில் நாடு திரும்பினார்கள். கல்யாணம் செய்து கொண்டார்கள். குழந்தைகள் பிறந்தன.

ஆனால், குடியிருக்க வீடு இல்லை! பெற்றோர் வீட்டிலும், மாமனார் வீட்டிலும் ஒண்டிக் குடித்தனம் நடத்தியவர்கள் பலர். தகரக் கொட்டகையில் வாழ்ந்தவர்களும் உண்டு.

வீரர்கள் வீடு வாங்கினால், கடனுக்கு அரசாங்கம் பொறுப்பு ஏற்கும் என்று 1944-ல் சட்டம் வந்திருந்தது. கடன் தயார். வீடு எங்கே?

வில்லியம் லெவிட் என்பவர், தந்தையுடனும் தம்பியுடனும் வீடு கட்டும் தொழில் நடத்தி வந்தார். அவர்கள் உருளைக்கிழங்கு வயல்களை வாங்கினார்கள். 1947-ல் வேலை தொடங்கியது.

27 வேலைகள்

கார் தொழிற்சாலையில் தொழிலாளி நிற்பார்; கார் நகரும். இங்கே வீடு நிற்கும்; தொழிலாளி நகர்ந்தார்!

வீடு கட்டுவதை 27 வேலைகளாகப் பிரித்தார்கள். ஒரு கோஷ்டி தளம் போடும். அடுத்த கோஷ்டி சட்டம் நிறுத்தும். பிறகு கூரை, பிறகு வர்ணம். ஒரு வேலை முடிந்ததும் கோஷ்டி அடுத்த வீட்டுக்குப் போய்விடும்.

1951-ம் ஆண்டுக்குள் 17 ஆயிரத்து 447 வீடுகள் எழும்பின. 1949-ல் ஒரு வீட்டின் விலை 7,990 டாலர். போர் வீரர்கள் முன்பணம் கட்ட வேண்டாம். மாதம் 58 டாலர் கட்டினால் போதும்.

வேலி இல்லாத ஊர்

எல்லா வீடுகளும் ஒரே அச்சு. இருட்டில் வீட்டுக்குத் திரும்பியவர்கள், பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டியதும் உண்டாம்!

வேலி போடக்கூடாது. புல்லை வாரந்தோறும் வெட்ட வேண்டும். சனி, ஞாயிறுகளில் வெளியே துணி காயப் போடக்கூடாது. இப்படிப் பல கட்டுப்பாடுகள்.

ஊருக்குப் பொதுவாக 9 நீச்சல் குளங்கள். குழந்தைகள் விளையாடத் திடல்கள். எல்லோரும் இளம் தம்பதிகள். அதனால் அண்டை வீட்டார் சீக்கிரம் சினேகம் ஆனார்கள்.

மூடிய கதவு

ஆனால், எல்லோருக்கும் அங்கே இடம் இல்லை. வெள்ளையர் மட்டுமே குடியிருக்கலாம் என்று ஒப்பந்தத்தில் எழுதியிருந்தார்கள். வெள்ளையரோடு போருக்குப் போய் வந்த கறுப்பு வீரருக்கும் வீடு கிடையாது!

இப்படிப்பட்ட நிபந்தனையை நீதிமன்றங்கள் அமல் நடத்தக்கூடாது என்று 1948-ல் அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புக் கூறியது. பிறகு ஒப்பந்தத்தில் இருந்து அந்த வரி நீங்கியது. கதவு மட்டும் திறக்கவில்லை.

பென்சில்வேனியா மாநிலத்தில், அதே பெயரில் லெவிட் இன்னொரு ஊர் கட்டினார். 1957-ல் பில் மையர்ஸ், டெய்சி மையர்ஸ் என்ற கறுப்பினத் தம்பதி, அங்கே ஒரு வெள்ளையரிடம் வீடு வாங்கிக் குழந்தைகளுடன் குடிபுகுந்தனர். வெளியே கூட்டம் கூடியது. கல் பறந்தது. ஜன்னல் உடைந்தது. மாநிலப் போலீஸ் வர நேர்ந்தது.

அவர்கள் அஞ்சி ஓடவில்லை. வெள்ளையரிலும் சிலர் துணைக்கு வந்தார்கள். இரவில் அவர்கள் வீட்டில் காவலாக விழித்திருந்தார்கள்.

வீடு விற்பதில் நிறபேதம் காட்டக்கூடாது என்ற சட்டம் 1968-ல் வந்தது.

ஒரே நாளில் 30 வீடுகள் கட்டினார்கள். அந்த வீடுகளின் கதவை எல்லோருக்கும் திறக்கச் சட்டம் வர, 20 ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று!