நாலு மெழுகுவர்த்தி

பழுப்புக் கோட்டு மாட்டிய குள்ளமான கடைக்காரர், ரோனி கார்பெட். எதிரே ரோனி பார்க்கர் வந்து 'ஃபோர் கேண்டில்ஸ்' என்கிறார். நாலு மெழுகுவர்த்தியை எடுத்து வைக்கிறார் கடைக்காரர். வந்தவர் கேட்டதோ 'ஃபோர்க் ஹேண்டில்ஸ்'. மண் கிளறும் முட்கருவிக்குக் கைப்பிடி. 'ஹ'வை விழுங்கிப் பேசுகிற ஆள். அடுத்து 'ஓஸ்' என்கிறார். களைக்கொத்தி வருகிறது, தண்ணீர்க் குழாய் வருகிறது. அவருக்கு வேண்டியது வாசல் கதவில் மாட்ட 'ஓ' எழுத்து! எழுத்துப் பெட்டியைக் கொண்டுவந்து, திரும்ப வைத்த பிறகு 'பீஸ்' கேட்கிறார். மறுபடி அதே பெட்டி. அது 'பி' எழுத்தல்ல, டப்பாப் பட்டாணி.

1976-ல் பிபிசியின் 'தி டூ ரோனீஸ்' நிகழ்ச்சியில் வந்த நகைச்சுவைக் காட்சி இது. எழுதியவர் பார்க்கரேதான், ஜெரால்ட் வைலி என்ற புனைபெயரில். இதைவிட மான்ட்டி பைத்தான் நகைச்சுவைக் குழுவின் செத்த கிளிக் காட்சிதான் உசத்தி என்பார்கள் சிலர். எனக்கு இந்த இரும்புக்கடைதான். கடைக்காரருக்குக் கோபம் ஏறுகிறது, ஆனாலும் ஓடி ஓடி எடுத்து வருகிறார்.

2000-களில் 'லிட்டில் பிரிட்டன்' நகைச்சுவைத் தொடர் வந்தபோது அந்த ஓட்டம் நின்றுபோனது. டேவிட் வாலியம்ஸ் போட்ட வங்கி ஊழியர் வேடம் நாற்காலியை விட்டு எழுந்திருப்பதில்லை. எதைக் கேட்டாலும் விசைப்பலகையைத் தட்டிவிட்டு, கம்ப்யூட்டர் முடியாதென்கிறது என்பார். முகத்தில் கோபம்கூட இல்லை. இன்றைய பிரிட்டிஷ் சூப்பர் மார்க்கெட்டில் அந்த ஊழியரும் வேண்டாம். பில் போடும் இயந்திரமே, பையில் ஏதோ கூடுதலாக இருக்கிறது என்று குற்றம் சாட்டுகிறது. அந்த இயந்திரத்தோடு எந்த வார்த்தை விளையாட்டு ஆட முடியும்?

கார்பெட் இந்த மாற்றத்தையும் நடித்துக் காட்டிவிட்டார். 2010 கிறிஸ்துமஸ் அன்று, 80 வயதில், இந்த முறை வாடிக்கையாளராக ஒரு பழக்கடைக்குள் வந்தார். தன் பிளாக்பெர்ரி வேலை செய்யவில்லை என்று புகார். கடைக்காரர் ஹாரி என்ஃபீல்ட். ஆப்பிள், ஆரஞ்சு எல்லாமே கம்பெனிப் பெயராகிவிட்ட காலம்; பழத்தைப் பற்றிப் பேசுகிறார்களா, கருவியைப் பற்றியா என்பதுதான் குழப்பம். பார்க்கர் அப்போது இல்லை, 2005-லேயே போய்விட்டார்.

கார்பெட் 2016-ல் இறந்தார். அடுத்த ஆண்டு வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் நடந்த நினைவு வழிபாட்டில் நாலு மெழுகுவர்த்தி ஏந்தி வந்தார்கள்.