நாற்கரத்தின் ஐந்தாவது அளவு

நான்கு பக்கங்களையும் அளந்துவிட்டால் ஒரு காட்டின் பரப்பு தெரிந்துவிடும் என்று நம்புவோர் பலர். ராசிபுரம், ஆத்தூர்ப் பக்கத்தில் மரவள்ளிக் காடு குத்தகை பேசும் இடத்தில் நின்றிருந்தால், இந்தக் கணக்கை நீங்களும் கேட்டிருக்கலாம்: எதிரெதிர் வரப்புகளைக் கூட்டிப் பாதியாக்கு, இப்படிக் கிடைக்கும் இரண்டு சராசரிகளையும் பெருக்கு, அதுதான் பரப்பு. கேட்பதற்கு நியாயமாகவே தோன்றுகிறது. ஆனால் செவ்வகம் (சதுரமும் ஒரு செவ்வகமே) தவிர வேறெந்த நாற்கரத்துக்கும் இது சரியான விடையைத் தராது. தவறும் ஒரே திசையில்தான் நிகழும். பரப்பு எப்போதும் கூடுதலாகவே காட்டப்படும். விற்பவருக்கு ஆதாயம், வாங்குபவருக்கு நட்டம்!

இந்தக் கணக்கு நம்மூரில் மட்டும் தோன்றியதன்று. எகிப்தில் கி.மு. 237இல் கட்டத் தொடங்கிய எட்ஃபு கோயிலின் சுவர்களில், கோயிலுக்கு அளித்த நிலங்களின் பரப்பு இதே முறையில் கணக்கிடப்பட்டிருக்கிறது. நம் நாட்டில் பிரம்மகுப்தர் கி.பி. 628இல் எழுதிய நூலில் இதைத் தோராய விதி என்றே குறிப்பிட்டார். 1150இல் லீலாவதியை எழுதிய பாஸ்கரர் இன்னும் கண்டிப்பானவர். மூலைவிட்டமோ செங்குத்தோ கொடுக்காமல் நாற்கரத்தின் பரப்பைக் கேட்பவரையும் சொல்பவரையும் அவர் கடுமையாகவே ஏசுகிறார்.

பாஸ்கரரின் கோபத்துக்குக் காரணம் உண்டு. நான்கு மூங்கில் கழிகளை முனைக்கு ஓர் ஆணியாக அடித்துச் சட்டமாக்கிப் பாருங்கள். ஒரு மூலையை லேசாகத் தள்ளினால் சட்டம் சாய்ந்துவிடும். கழிகளின் நீளம் மாறவில்லை; உள்ளே அடைபட்ட பரப்பு மட்டும் குறைகிறது. 50 மீட்டரும் 40 மீட்டரும் பக்கங்களாகக் கொண்ட செவ்வகக் காடு 2000 சதுர மீட்டர். அதே வரப்புகள் சாய்ந்து, நீள வரப்புகளுக்கு இடையிலுள்ள செங்குத்துத் தொலைவு 32 மீட்டராகிவிட்டால் பரப்பு 1600தான். போன 400 சதுர மீட்டர் ஏறத்தாழ 10 சென்ட் நிலம். இப்போது சட்டத்தின் குறுக்கே மூலைக்கு மூலை ஐந்தாவது கழி ஒன்றை அடியுங்கள். சட்டம் அசையாது. நாற்கரம் இரண்டு முக்கோணங்களாகிவிட்டது; மூன்று பக்கங்கள் நிலைத்துவிட்டால் முக்கோணத்தின் வடிவம் மாற வழியில்லை.

நில அளவைத் துறையினர் இதை நன்கு அறிந்தவர்கள். உங்கள் புல எண்ணுக்குரிய புலப்படத்தைப் பாருங்கள். இன்று அரசின் இணையதளத்திலேயே அது கிடைக்கிறது. புலத்தின் குறுக்கே மூலைவிட்டக் கோடுகள் ஓடும். அந்தக் கோட்டில் எத்தனை தூரம் சென்றால் எந்த மூலை செங்குத்தாக எதிர்ப்படும், அந்தச் செங்குத்து எவ்வளவு நீளம் என்பவை குறிக்கப்பட்டிருக்கும். 1620ஆம் ஆண்டளவில் எட்மண்ட் கண்டர் வகுத்த 66 அடிச் சங்கிலியில் 100 லிங்க் உண்டு. பழைய படங்களின் அளவுகள் இந்த லிங்க்கில்தான். ஆயிரம் சதுர லிங்க் ஒரு சென்ட் என்பதால் கணக்கு மிகச் சுலபம்.

ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். க என்னும் கல்லிலிருந்து எதிர்மூலையான த வரை 500 லிங்க். 200ஆவது லிங்க்கில் இடப்புறம் 180 லிங்க் தள்ளி ச என்னும் கல். 300ஆவது லிங்க்கில் வலப்புறம் 120 தள்ளி ப என்னும் கல். பரப்பு, மூலைவிட்டத்தில் பாதியைச் செங்குத்துகளின் கூடுதலால் பெருக்கிய தொகை: 250 × 300 = 75,000 சதுர லிங்க், அதாவது 75 சென்ட். வரப்புச் சராசரிக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். 84½ சென்ட் வரும்!

இங்கே இன்னொன்றையும் கவனியுங்கள். கோட்டின் வழியே ஓர் எண், கோட்டுக்குச் செங்குத்தாக ஓர் எண். 1637இல் டேக்கார்ட் வெளியிட்ட வடிவகணித நூலிலிருந்து வளர்ந்த ஆயத்தொலைகள்தாமே இவை! மூலைவிட்டத்தை முதல் அச்சாகக் கொண்டால் க (0, 0), ச (200, 180), த (500, 0), ப (300, −120). எட்டு எண்களில் முழுப் புலமும் அடங்கிவிட்டது. பள்ளியில் படித்த சாய்வை இப்போது பயன்படுத்தலாம். வரப்புகளின் சாய்வுகள் வரிசையாக 0.9, −0.6, 0.6, −0.4. எதிரெதிர் வரப்புகளில் ஒரு சோடிகூட ஒத்துப்போகவில்லை. எனவே இது வெறும் நாற்கரம். ப கல் 300இல் இல்லாமல் 200ஆவது லிங்க்குக்கு நேராக இருந்தால்? சாய்வுகள் 0.9, −0.6, 0.4, −0.6 ஆகும். ஒரு சோடி இணையாகிவிட்டது, புலம் சரிவகம். பரப்போ அதே 75 சென்ட்! ப கல்லை 300இலேயே வைத்துச் செங்குத்தை மட்டும் 180 ஆக்கினால் இரு சோடிகளும் இணையாகி இணைகரம் கிடைக்கும்.

சாய்வு முறையில் ஒரு தொல்லை உண்டு. வரப்பு இரண்டாவது அச்சுக்கு இணையாக ஓடினால் சுழியால் வகுக்க நேரும். ஆதலால் மூலைவிட்டங்களையே கேட்பது மேல் என்பது என் கருத்து. இரு மூலைவிட்டங்களின் நடுப்புள்ளியும் ஒன்றே என்றால் இணைகரம். அத்துடன் அவற்றின் நீளமும் சமமானால் செவ்வகம். நீளம் சமமாகாமல் ஒன்றையொன்று செங்குத்தாக வெட்டினால் சாய்சதுரம். இரண்டும் பொருந்தினால் சதுரம். மூலைகள் (10, 10), (58, 24), (51, 48), (3, 34) மீட்டர் என்று கொள்வோம். படம் வரைந்தால் கோணலாகத் தெரியும். மூலைவிட்டங்கள் இரண்டுக்கும் நடுப்புள்ளி (30.5, 29), நீளங்களின் வர்க்கம் இரண்டுக்கும் 3125. ஐயமில்லாமல் செவ்வகம். பரப்பும் இவற்றிலிருந்தே கிடைக்கும். முதல் மூலைவிட்டம் (41, 38) நகர்கிறது. மற்றது (−55, 10). குறுக்கே பெருக்கிக் கழித்தால் 410 + 2090 = 2500; பாதி 1250 சதுர மீட்டர். எந்த நாற்கரத்துக்கும் இந்த விதி செல்லும்.

தாளில் போடும் கணக்கில் 3125க்கு 3125 சரியாக வரும். தரையில் வராது. பௌதிகம் படிப்பவர்கள் இங்கேதான் விழிப்பாக இருக்க வேண்டும்: எவ்வளவு வேறுபாட்டைப் பொறுத்துக்கொள்ளலாம்? நாமக்கல் வட்டாரத்தில் கோழிப்பண்ணைக் கொட்டகைக்கு அடித்தளம் போடும்போது கொத்தனார் 3, 4, 5 அடி வைத்து மூலைமட்டம் பார்க்கிறார். 200 அடி நீளம், 20 அடி அகலமுள்ள கொட்டகையில் ஒரு மூலை ஒரே ஒரு பாகை பிசகினாலும் மறுமுனை சுமார் 3½ அடி விலகிவிடும். ஒரு பாகை பிசகு மூன்றடி முக்கோணத்தில் அரை அங்குல அளவுதான், நூல் தளர்ந்தால் கண்ணுக்குத் தப்பிவிடும். மூலைக்கு மூலை நாடா பிடித்தால் அதே பிசகு 8 அங்குல வேறுபாடாக எழுந்து நிற்கும்.

செல்பேசியில் நான்கு மூலைகளையும் குறித்துக்கொண்டு கணக்கிடலாமே என்று கேட்பீர்கள். திறந்த வெளியில்கூட அது சுமார் 5 மீட்டர் தவறக்கூடும். 25 மீட்டர் அகலக் காட்டில் செவ்வகத்தையும் இணைகரத்தையும் பிரித்தறிய இது போதாது. சென்டிமீட்டர் அளவில் இடம் காட்டும் அளவைக் கருவிகள் வேறு. மேலும் செயற்கைக்கோள் தருவது பாகைகள். அவற்றை மீட்டராக்கிய பிறகே விதியில் இட வேண்டும். சேலத்தின் அட்சரேகையில் ஒரு பாகை வடக்கே சென்றால் சுமார் 110.6 கிலோமீட்டர், ஒரு பாகை கிழக்கே சென்றால் 109 கிலோமீட்டர்தான்.