கூரை தெரியாத அரண்மனை

இந்திய வரலாறு பற்றிய நேருவின் நூலை ஷியாம் பெனகல் ‘பாரத் ஏக் கோஜ்’ என்று 53 பகுதித் தொடராக எடுத்தார். 1988-இல் தூர்தர்ஷனில் வந்தது. கலை இயக்குநர் நிதீஷ் ராய். ஹரப்பா முதல் சுதந்திரம் வரை மொத்த வரலாற்றுக்கும் அவர் இடம் அமைக்க வேண்டியிருந்தது. சிலப்பதிகாரமும் சோழரும் அதில் உண்டு.

அன்று கலை இயக்குநரின் கையில் இருந்தவை பிளைவுட், சணல் சாக்கு, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ். கூடவே நல்ல ஆசாரிகளும் பெயின்டர்களும். மரச்சட்டத்தில் தூணை நிறுத்திப் பிளாஸ்டர் பூசிக் கல்நிறம் அடிப்பார்கள். வீட்டுத் திரைக்கு 625 வரிகள்தான். பூச்சில் விரிசல் இருந்தாலும் தெரியாது. காசு போதாத இடத்தில் ஒரு தூண், ஒரு விளக்கு, பின்னால் கறுப்புத் துணி. சான்று இல்லாத இடத்திலும் அந்த இருட்டுதான் கைகொடுத்தது. தெரியாததைத் தெரியாததாகவே விட அது வழி செய்தது என்பதால் அதன்மேல் எனக்குப் பெரிய மரியாதை.

அந்தக் காலத் தொலைக்காட்சி பலரை ஆளாக்கியது. ராயிடம் உதவியாளராக இருந்த சமீர் சந்தாதான் பிறகு மணிரத்னத்தின் ‘இருவர்’ படத்துக்குப் பழைய சென்னையை எழுப்பினார். ‘தமஸ்’ தொடரில் ராயோடு வேலை பார்த்த நிதின் தேசாய் ‘லகான்’ வரை போய், தேசிய விருதை நான்கு முறை வாங்கினார்.

இன்று வேலை கணினியில் தொடங்குகிறது. கோயிலை லேசர் ஸ்கேன் எடுத்து, பின்னணியை எல்இடி சுவரில் ஓடவிடுகிறார்கள். நடிகர் தொடும் தூணை மட்டும் ஆசாரி செய்தால் போதும். 4கே படத்தில் 2160 வரிகள். சோழர் அடுக்களையில் மிளகாய் கிடந்தால் பார்ப்பவர் உடனே பிடித்துவிடுவார்; அது போர்ச்சுக்கீசியரோடு வந்த பயிர். இந்தக் கறார்த்தனம் நல்லது.

ஆனால் கணினிச் சட்டகத்தில் எந்த மூலையும் காலியாக நிற்பதில்லை. சோழர் அரண்மனை இருந்த கங்கைகொண்டசோழபுரம் மாளிகைமேட்டில் 1980 முதல் தமிழகத் தொல்லியல் துறை தோண்டியதில் செங்கல் சுவர்கள், கூரை ஓடுகள், இரும்பு ஆணிகள் கிடைத்தன. அவற்றின் மேல் நின்ற மாளிகை எத்தனை உயரம், சாளரம் எப்படி என்பதற்குச் சான்று இல்லை. ஆவணப்படத்துக்காக அதை வரைபவரோ உப்பரிகை முதல் கலசம் வரை இட்டு முடிக்க வேண்டியிருக்கிறது. முடிந்த படத்தில் தோண்டி எடுத்த செங்கலும் ஊகித்த உப்பரிகையும் ஒரே வெயிலில் ஒரே உறுதியோடு நிற்கின்றன. பள்ளிக்கூடப் பிள்ளை இரண்டையும் ஒன்றுபோல நம்பும்.

பழைய கோயிலில் உடைந்த கல்லை மாற்றும்போது, புதுக் கல்லில் சிற்பம் செதுக்காமல் மொட்டையாக விடுவது தொல்லியல் துறையில் உள்ள வழக்கம். எது பழசு, எது புதுசு என்று கண்ணே சொல்லிவிடும். திரையிலும் அதைச் செய்யலாம்: கிடைத்த செங்கலுக்கு முழு நிறம், ஊகித்த மேல்தளத்துக்கு வெறும் கோடு. கணினிக்கு இது சிரமமே இல்லை. கேட்க வேண்டியவர் கலை இயக்குநர். ஒப்புக்கொள்ள வேண்டியவர் தயாரிப்பாளர்.