பகல் வேளைச் சபை

உலகத்தில் பேசத் தெரிந்தவர்கள் அநேகர். பிறரைப் பேச வைக்கத் தெரிந்தவர்கள் மிகச் சிலரே. பிறரைப் பேச வைப்பதையே ஜீவனமாகக் கொண்டு, தாம் மட்டும் வாய் திறவாமல், ஜனங்களின் கண்ணிலும் படாமல் காலங்கழிக்கும் ஒரு வகையார் அமெரிக்க தேசத்தில் இருக்கிறார்கள். பகல் நேரத்தில் டெலிவிஷனில் நடைபெறும் சம்பாஷணை நிகழ்ச்சிகளின் தயாரிப்பாளர்களே அவர்கள்.

நிகழ்ச்சியை நடத்துகிறவரின் முகத்தைத் தேசமெல்லாம் அறியும். தயாரிப்பாளரின் பெயரோ, கடைசியில் எழுத்துக்கள் விரைந்து ஓடும்போது ஒரு கணம் தோன்றி மறைந்துவிடும். ஆயினும் இன்றைக்கு எதைப் பற்றிப் பேசுவது, யாரை அழைப்பது, எந்தக் கேள்வியைக் கேட்பது, எதைக் கேளாமல் விடுவது என்பவற்றையெல்லாம் நிர்ணயம் செய்கிறவர் அவரே. இவற்றுக்கெல்லாம் அடியிலே வேறொரு கேள்வி இருக்கிறது. பகல் வேளையில் வீட்டிலிருந்து பார்க்கும் ஸ்திரீயை அறிவுள்ளவள் என்று மதிப்பதா, அல்லது வேடிக்கை பார்க்க மட்டுமே தெரிந்தவள் என்று எண்ணுவதா? இந்தக் கேள்விக்கு அளித்த விடைதான் ஒவ்வொரு தயாரிப்பாளருடைய தொழில் வாழ்க்கையின் போக்கையும் வகுத்தது என்று சொல்லலாம்.

டேட்டன் நகரில் ஆரம்பம்

1967-ம் வருஷம் நவம்பர் மாதம் 6-ந் தேதி, ஒஹாயோ மாகாணத்தைச் சேர்ந்த டேட்டன் என்னும் நகரத்தில் பில் டோனஹ்யூ என்பவர் ஒரு புது நிகழ்ச்சியைத் தொடங்கினார். அந்நாளில் பகல் நேர டெலிவிஷன் என்றால், சவுக்காரக் கம்பெனிகளின் தயவில் நடக்கும் தொடர்கதைகளும், பரிசுப் பந்தயங்களும்தான். வீட்டுக்காரிக்கு இவை போதும் என்பது நிலையக்காரர்களின் அபிப்பிராயம். டோனஹ்யூவோ முதல் நாளே மேடலின் மரே ஓஹேர் என்னும் நாஸ்திக அம்மையாரை அழைத்து வந்து உட்கார வைத்தார். பள்ளிக்கூடங்களில் பைபிள் வாசிக்கச் செய்வதை எதிர்த்து வழக்காடி, 1963-ல் அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டில் வெற்றி கண்டவர் அவர். சபையிலிருந்த பெண்மணிகள் கொதித்தெழுந்தார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை.

சிறு நகரமானதால் ஸினிமா நட்சத்திரங்கள் அங்கே வந்து போவதில்லை. ஆகவே ஒரே விஷயத்தை ஒரு மணி நேரம் ஆராய்வது என்ற முறை அவசியத்தினாலேயே பிறந்தது. மற்றொரு முறை தற்செயலாகக் கிடைத்தது. விளம்பர இடைவேளையில் சபையோர் கேட்ட கேள்விகள், தாம் கேட்டவற்றைவிடக் கூர்மையாக இருப்பதை டோனஹ்யூ கவனித்தார். உடனே ஒலிபெருக்கிக் கருவியைக் கையில் எடுத்துக்கொண்டு சபை நடுவே இறங்கிவிட்டார். அன்று முதல் கேட்கும் உரிமை வீட்டுப் பெண்களுக்கும் கிடைத்தது. ரிச்சர்ட் மின்ஸர் என்ற தயாரிப்பாளர் அவருக்கு வலக்கரமாக விளங்கினார். 1974-ல் சிகாகோ நகரத்துக்கும், 1985-ல் நியூயார்க்குக்கும் இடம் பெயர்ந்து, 1996 வரை அந்நிகழ்ச்சி நடந்தது. 2024-ம் வருஷம் மே மாதத்தில் ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கத்தைப் பெற்ற டோனஹ்யூ, அவ்வருஷம் ஆகஸ்டு மாதத்தில் 88-வது வயதில் காலமானார்.

வேலைக்கு அனுப்பிய நாடா

டோனஹ்யூ சிகாகோவில் கொடி கட்டிப் பறந்துகொண்டிருந்த காலத்தில், பால்டிமோர் நகரத்தில் 'ஜனங்கள் பேசுகிறார்கள்' என்று பொருள்படும் பெயரையுடைய ஒரு நிகழ்ச்சி நடந்து வந்தது. அதன் தயாரிப்புப் பகுதியில் டெப்ரா டிமேயோ என்னும் யுவதி வேலை பார்த்தார். 1983-ல் அவர் சிகாகோவின் டபிள்யூ. எல். எஸ். நிலையத்தில் உத்தியோகம் கோரி, தம் திறமைக்கு அத்தாட்சியாக, தாம் வேலை செய்த நிகழ்ச்சியின் பதிவு நாடா ஒன்றை அனுப்பினார். உத்தியோகம் கிடைத்தது. ஆனால் அந்த நாடா செய்த காரியம் அத்துடன் நிற்கவில்லை.

அந்த நிலையத்தின் 'ஏ. எம். சிகாகோ' என்ற காலை நிகழ்ச்சி, டோனஹ்யூவின் போட்டியைத் தாங்கமாட்டாமல் நலிந்து கிடந்தது. நடத்துவதற்கு ஆளும் தேவையாயிருந்தது. டிமேயோவின் நாடாவில் பேசிக்கொண்டிருந்த ஒரு கறுப்பு இனப் பெண்மணியின் மீது நிலையத் தலைவர் டென்னிஸ் ஸ்வான்ஸனின் பார்வை விழுந்தது. மிஸிஸிப்பி மாகாணத்தில் பாட்டியின் வீட்டில் ஏழ்மையில் வளர்ந்த ஓப்ரா வின்ஃப்ரேதான் அவர். 1984-ம் வருஷம் ஜனவரி 2-ந் தேதி அவர் சிகாகோவில் பேச ஆரம்பித்தார். சில மாதங்களுக்குள் டோனஹ்யூவின் சொந்தக் கோட்டையிலேயே அவரை மிஞ்சிவிட்டார். மறு வருஷம் நிகழ்ச்சிக்கே அவர் பெயர் சூட்டப்பட்டது. 1986-ம் வருஷம் செப்டம்பர் 8-ந் தேதி முதல் அது தேசமெங்கும் ஒளிபரப்பாயிற்று. தலைமைத் தயாரிப்பாளர் ஸ்தானத்தில் டிமேயோ அமர்ந்தார்.

தம்முடைய பிழைப்புக்காக அனுப்பிய நாடாவில் இன்னொருத்தியின் பாக்கியமும் சுற்றப்பட்டிருந்தது என்பதைத் தயாரிப்பாளர் தொழிலுக்கே ஓர் உவமானமாகக் கொள்ளலாம். தம் சாமர்த்தியம் பிறர் முகத்தில் பிரகாசிக்க வேண்டும். அதைக் கண்டு சந்தோஷப்படத் தெரிந்தவரே இத்தொழிலில் நிலைக்க முடியும்.

ஒரு மணிக்குப் பின்னே

இத்தொழிலுக்கு வரும் இளைஞர் முதலில் தபால் பிரிப்பார், டெலிபோன் எடுப்பார், காப்பி வாங்கி வருவார். பிறகு விருந்தாளிகளைத் தேடிப் பிடிக்கும் வேலை வரும். தினந்தோறும் பத்திரிகைகளைச் சலித்து, நேயர்களின் கடிதங்களைப் படித்து, எங்கோ ஒரு மூலையிலுள்ள ஊரில் ஒரு தாய்க்கு நேர்ந்த கஷ்டம் தேசம் முழுவதற்கும் பாடமாகுமா என்று யோசிக்க வேண்டும். பின்னர் அந்தத் தாயோடு டெலிபோனில் நெடுநேரம் பேசிக் கதையைக் கேட்டு, அது உண்மைதானா என்று விசாரித்து, சம்மதப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கி, விமான டிக்கட்டும் ஹோட்டல் அறையும் ஏற்பாடு செய்ய வேண்டும். நிகழ்ச்சி நடத்துகிறவருக்குக் கேள்விகளைச் சீட்டுக்களில் எழுதிக் கொடுப்பதும் அவரே. மேடைக்குப் போகுமுன் கைகால் நடுங்கும் விருந்தாளிக்குத் தைரியம் சொல்லுகிறவரும் அவரே. இப்படிப் பல வருஷம் பழகித் தேறியவர்தான், இயக்கும் அறையில் பல திரைகளுக்கு எதிரே உட்காரும் தலைமைத் தயாரிப்பாளர் ஆகிறார்.

நீல்ஸன் என்னும் கம்பெனியின் கணக்கு அவருடைய தலைக்கு மேல் கத்தியாகத் தொங்குகிறது. எத்தனை வீடுகளில் நிகழ்ச்சியைப் பார்த்தார்கள் என்று அது கணக்கெடுக்கும். முக்கியமாக பிப்ரவரி, மே, ஜூலை, நவம்பர் ஆகிய நான்கு மாதங்களின் கணக்கைக் கொண்டுதான் நிலையங்கள் விளம்பரக் கட்டணத்தை நிர்ணயித்து வந்தன. அந்த மாதங்கள் நெருங்கினால் தயாரிப்பாளருக்குத் தூக்கமிராது.

தர்மசங்கடம் இங்கேதான் ஆரம்பமாகிறது. துக்கத்தில் ஆழ்ந்திருக்கும் ஒருவருக்கு, டெலிபோனில் வரும் தயாரிப்பாளரின் குரல் ஆப்த சிநேகிதரின் குரலாகவே தோன்றும். அந்தச் சிநேகிதரோ, நாளைக் காலையில் நிரப்பியாக வேண்டிய ஒரு நாற்காலியையும் மனத்தில் வைத்துக்கொண்டு பேசுகிறார். இரண்டும் ஒரே நெஞ்சில் இருக்கின்றன. எது எதை வெல்லும் என்பதே பரீட்சை.

தராசின் இரண்டு தட்டுக்கள்

டிமேயோவின் நிகழ்ச்சி இந்தப் பரீட்சையில் வென்றதும் உண்டு, தோற்றதும் உண்டு. ஜார்ஜியா மாகாணத்தில் பார்சைத் என்று ஒரு ஜில்லா. 1912-ல் அங்கிருந்த கறுப்பு மக்களை வெள்ளையர்கள் பயமுறுத்தித் துரத்தினார்கள். அதன் பிறகு எழுபது வருஷங்களுக்கு மேலாக அந்த ஜில்லா வெள்ளையர் மட்டுமே வசிக்கும் பிரதேசமாக இருந்தது. 1987 ஜனவரியில் அங்கே சமத்துவம் கோரி ஊர்வலம் சென்றவர்கள் மீது கல் விழுந்தது. பிப்ரவரியில் வின்ஃப்ரே தம் பரிவாரத்துடன் அங்கே சென்று, உள்ளூர் வாசிகளை மட்டுமே சபையில் அமர்த்தி, ஏன் இந்தத் துவேஷம் என்று நேருக்கு நேர் கேட்டார். ஒரு கறுப்புப் பெண்மணி அந்த மண்ணில் நின்று அந்தக் கேள்வியைக் கேட்டதே ஒரு பிரசங்கத்துக்குச் சமானம். அவ்வருஷமே பகல் நேர நிகழ்ச்சிகளுக்குரிய எம்மி பரிசும் அவர்களுக்குக் கிடைத்தது.

மறு வருஷம், தலையை மழித்துக்கொண்டு இனவெறி பேசித் திரியும் வாலிபர்களை மேடைக்கு அழைத்தார்கள். துவேஷத்தை அம்பலப்படுத்துவதாக எண்ணிச் செய்தது, துவேஷத்துக்கே மேடை போட்டுக் கொடுத்ததாக முடிந்தது. வேறொரு நாள், ஒரு கணவன் தனக்கு வேறொருத்தியிடம் குழந்தை பிறக்கப் போவதை, தேசமே பார்த்திருக்க, மனைவிக்கு அறிவித்தான். அந்த மனைவியின் முகத்தைக் கண்டபோது ஏற்பட்ட வெட்கத்தைப் பற்றிப் பின்னாளில் வின்ஃப்ரேயே பகிரங்கமாகப் பேசியிருக்கிறார்.

சப்தமில்லாத சம்பாஷணை

அதே சிகாகோவில் வேறு சிலரும் கடை விரித்திருந்தார்கள். முன்னாளில் ஸின்ஸினாட்டி நகரத்தின் மேயராக இருந்த ஜெர்ரி ஸ்பிரிங்கர் 1991-ல் ஆரம்பித்த நிகழ்ச்சி, முதலில் கௌரவமாகத்தான் நடந்தது. 1994-ல் ரிச்சர்ட் டொமினிக் என்பவர் தலைமைத் தயாரிப்பாளரானார். விபரீதச் செய்திகளை வெளியிடும் மலிவுப் பத்திரிகைகளில் எழுதிப் பழகியவர் அவர். ஒலியை அடைத்துவிட்டுப் பார்த்தாலும் ஜனங்கள் கண்ணை எடுக்கக் கூடாது என்பது அவருடைய கொள்கை. பேச்சு நிகழ்ச்சிக்குப் பேச்சே அநாவசியம் என்று கண்டுபிடித்தவர் உலகத்திலேயே அவர் ஒருவர்தான் போலும்! மேடையில் நாற்காலிகள் பறந்தன; தலைமயிர் பிடிச் சண்டை நித்தியக் கட்டளையாயிற்று. 1998-ல் பார்வையாளர் கணக்கில் அது வின்ஃப்ரேயையே முந்தியது.

ஆனால் இந்தப் பாதை எங்கே கொண்டுபோய் விடும் என்பதை அதற்கு முன்பே வேறொரு நிகழ்ச்சி காட்டிவிட்டது. 1995-ம் வருஷம் மார்ச் மாதம், ஜென்னி ஜோன்ஸ் என்பவரின் நிகழ்ச்சியில், 'உன்மேல் ரகசியமாகக் காதல் கொண்டவர் யார் என்று சொல்லுகிறோம்' என்று அழைக்கப்பட்ட ஒரு வாலிபன் முன்பாக, மற்றொரு வாலிபன் தன் காதலைத் தெரிவித்தான். சபையோர் சிரித்தார்கள். மூன்றாம் நாள், சொன்னவனைக் கேட்டவன் சுட்டுக் கொன்றான். கொலைகாரன் தண்டனை அடைந்தான். இறந்தவனுடைய குடும்பத்தார் நிகழ்ச்சிக்காரர்கள் மீது வழக்குத் தொடுத்தார்கள். 1999-ல் ஜூரிகள் 250 லட்சம் டாலர் நஷ்டஈடு விதித்தார்கள். 2002-ல் மேல் கோர்ட்டில் அந்தத் தீர்ப்பு தள்ளுபடியாயிற்று. சட்டத்தின் முன் நிகழ்ச்சிக்காரர்களுக்குப் பொறுப்பு இல்லாமற் போயிருக்கலாம். ஆனால் அந்த வாலிபனை மேடைக்கு வரவழைத்த டெலிபோன் மணியை நினைத்துப் பார்க்கிறவர்களுக்கு, தர்மத்தின் கோர்ட்டில் வழக்கு இன்னும் முடிந்ததாகத் தோன்றாது.

புஸ்தகம் வந்த கதை

1994-ல் டிமேயோ பதவியிலிருந்து விலகினார். அவருடைய கண்டிப்பைக் குறித்து ஊழியர்களிடையே மனக்குறை இருந்ததாக அப்போது பத்திரிகைகள் எழுதின. பத்து வருஷ காலம் ஒரு நிகழ்ச்சியைச் சிகரத்துக்கு ஏற்றியவர் சத்தமின்றி இறங்கிப் போனார். டயான் ஹட்ஸன் அம்மையார் அந்த ஸ்தானத்துக்கு வந்தார். குடும்பக் கலகங்களைக் கடைவீதியில் இறைப்பதை இனி விட்டுவிடுவதென்று வின்ஃப்ரேயும் அவரைச் சேர்ந்தவர்களும் அச்சமயம் தீர்மானித்தார்கள். போட்டிக்காரர்கள் சேற்றை வாரி இறைத்துக் கூட்டம் சேர்த்துக்கொண்டிருந்த காலத்தில் செய்த தீர்மானம் அது.

இரண்டு வருஷங்களுக்குப் பிறகு, ஆலிஸ் மக்கீ என்ற தயாரிப்பாளர் ஒரு யோசனை சொன்னார். நேயர்களெல்லாரும் ஒரே நாவலைப் படிப்பது, பிறகு அதைப் பற்றிச் சபையில் பேசுவது என்பதுதான் யோசனை. டெலிவிஷன் பார்க்கிறவர்கள் புஸ்தகம் படிப்பார்களா என்று உலகம் நகைத்திருக்கும். 1996 செப்டம்பரில் ஜாக்குலின் மிச்சர்ட் எழுதிய நாவலோடு வாசகர் சங்கம் தொடங்கிற்று. அடுத்தபடியாக, நோபல் பரிசு பெற்ற டோனி மாரிஸன் 1977-ல் வெளியிட்ட நாவலைத் தேர்ந்தெடுத்தார்கள். இலேசாகப் படித்துவிடக்கூடிய நூல் அல்ல அது. ஆயினும் லக்ஷக்கணக்கான பிரதிகள் விற்பனையாயின. டேட்டன் நகரத்தில் கேள்வி கேட்கத் துணிந்த அதே வீட்டுப் பெண்மணிகளின் வம்சந்தான் புஸ்தகக் கடைகளில் வரிசை பிடித்து நின்றது.

2011-ம் வருஷம் மே 25-ந் தேதி, இருபத்தைந்து வருஷத் தேசிய ஒளிபரப்புக்குப் பின் வின்ஃப்ரேயின் நிகழ்ச்சி நிறைவெய்தியது. ஸ்பிரிங்கரின் நிகழ்ச்சியும் 2018-ல் ஓய்ந்தது. 2023-ல் அவரும் மறைந்தார்.

ஒரே நகரத்தில், ஒரே காலத்தில், ஒரே நேயர்களை நம்பி இரண்டு வகைத் தயாரிப்பாளர்கள் தொழில் நடத்தினார்கள். ஒருவர் அவர்களுக்குச் சண்டையைக் கொடுத்தார், அதையும் பார்த்தார்கள். மற்றொருவர் நல்ல நூலைக் கொடுத்தார், அதையும் படித்தார்கள். ஆகவே 'ஜனங்கள் கேட்கிறார்கள், நாங்கள் கொடுக்கிறோம்' என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள எந்தத் தயாரிப்பாளராலும் முடியாது. ஜனங்களிடத்தில் இரண்டு பசியும் உண்டு. எந்தப் பசிக்குச் சோறு போடுவது என்பதை இயக்கும் அறையில் உட்கார்ந்திருப்பவர் தீர்மானிக்கிறார். நம் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து பார்க்கும் நமக்கும் அந்தத் தீர்மானத்தில் ஒரு பங்கு உண்டு. பிறர் கண்ணீரை நாம் எதற்காகப் பார்க்கிறோம் என்று ஒரு கணம் கேட்டுக்கொண்டால், அந்தப் பங்கைச் செலுத்தியவர்கள் ஆவோம்.