இலவச விளையாட்டும் அம்மாவின் தொலைபேசி இலக்கமும்

கண்டியிலிருந்து கலஹா செல்லும் பாதையில் உள்ள ஒரு தோட்டத்தில் வசிக்கும் ஒரு தாயைப் பற்றி இம்மாதம் எழுதுகின்றேன். அவரது அனுமதியுடன்தான் எழுதுகின்றேன். தனது பெயரையும் தோட்டத்தின் பெயரையும் மட்டும் குறிப்பிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்.

1977ஆம் ஆண்டு வன்செயலின் பின்னர் மலையகத்தை விட்டு வன்னிக்குச் சென்று குடியேறிய குடும்பங்களுள் அவரது பெற்றோரின் குடும்பமும் ஒன்று. அவர் பிறந்ததும் வளர்ந்ததும் மணமுடித்ததும் கிளிநொச்சிப் பக்கம். 2009 மே மாதம் கணவர் காணாமற்போனபோது அவர் ஐந்து மாதக் கர்ப்பிணி. செட்டிகுளம் மெனிக் பாம் முகாமில் இருந்த நாட்களில் மகன் பிறந்தான். பின்னர் உறவினரை நாடி, தாத்தா விட்டுப் போன அதே மலைக்குத் திரும்பி வந்தார். இப்போது கொழுந்து பறிக்கப் போகின்றார்.

2021ஆம் ஆண்டு கொரோனா காரணமாகப் பாடசாலைகள் மூடிக் கிடந்த நேரம். கனடாவில் இருக்கும் மாமா மகன் அனுப்பிய பார்சலில் உடுப்புகளுடன் ஒரு பழைய பி.எஸ்.பி. கருவியும் வந்தது. அதனுடன் வந்தது ஒரேயொரு உதைபந்தாட்ட விளையாட்டு. இரண்டு கிழமையில் பையனுக்கு அது சலித்துவிட்டது. புதிய விளையாட்டு இலவசமாகக் கிடைக்குமா என்று அம்மாவின் கைத்தொலைபேசியில் தேடினான். ஒரு பக்கம் திறந்தது. தொலைபேசி இலக்கத்தைக் கேட்டது, கொடுத்தான். குறுஞ்செய்தியில் வரும் எண்ணைக் கேட்டது, அதையும் கொடுத்தான். விளையாட்டு எதுவும் வரவில்லை. மறுநாள் முதல் தாயின் ரீலோட் காசு நாளாந்தம் சிறிது சிறிதாகக் குறையத் தொடங்கியது.

ஒரு நாள் மாலை அவர் வேலை முடிந்து வந்து பார்த்தபோது, தெரியாத இலக்கத்திலிருந்து இரண்டு தவறிய அழைப்புகள். திருப்பி எடுப்பதற்குத் தொலைபேசியில் காசில்லை. மறுநாள் காசு போட்டு எடுத்தபோது அந்த இலக்கம் வேலை செய்யவில்லை.

“வேற நம்பர் எடுங்க என்று கடையில சொல்றாங்க மிஸ். நான் எப்படி மாத்துறது? கிராம சேவகர், செஞ்சிலுவைச் சங்கம், ஆணைக்குழு, எல்லா இடத்திலயும் இந்த நம்பரைத்தானே எழுதிக் குடுத்திருக்கிறன். அவரைப் பத்தி ஏதும் தெரிஞ்சா இந்த நம்பருக்குத்தானே எடுப்பாங்க” என்றார்.

காணாமற்போனவரைத் தேடும் ஒரு பெண்ணுக்குத் தொலைபேசி இலக்கம் என்பது என்ன என்று இதனை வாசிக்கும் சகோதரிகளுக்கு நான் விளக்கத் தேவையில்லை. பையன் கேட்டது ஒரு விளையாட்டு. அதற்கு அவன் கொடுத்த விலை என்னவென்று அவனுக்குத் தெரியாது. ஆகவே, பழைய கேம் கருவிக்கு இலவசமாக விளையாட்டு எடுப்பது என்ற சிறிய விடயத்தை நாம் சற்று விரிவாகப் பார்ப்போம்.

பிள்ளை ஏன் தேடுகின்றான்?

முதலில் பிள்ளையின் பக்கத்திலிருந்து பார்ப்போம். பி.எஸ்.பி. என்பது சோனி நிறுவனம் 2004 டிசம்பரில் யப்பானில் வெளியிட்ட கருவி. உலகமெங்கும் ஏறக்குறைய 80 மில்லியன் விற்பனையானது. 2014ஆம் ஆண்டளவில் தயாரிப்பை நிறுத்திவிட்டார்கள். 2021 ஜூலை மாதத்துடன் அந்தக் கருவியின் வழியாகப் புதிதாக விளையாட்டு வாங்கும் வசதியும் முடிந்தது. மற்றைய பெரிய நிறுவனமான நிண்டெண்டோவும் தனது பழைய கையடக்கக் கருவியான 3டிஎஸ் இற்கான இணையக் கடையில் விற்பனையை 2023 மார்ச் மாதம் நிறுத்தியது.

அதாவது, காசு கொடுத்து வாங்க விரும்பினாலும் கடை மூடப்பட்டுவிட்டது. அமெரிக்காவில் 2010இற்கு முன் வெளியான பழைய விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று விற்பனையில் இல்லை என்று அங்குள்ள விளையாட்டு வரலாற்று நிறுவனமொன்று 2023இல் கண்டறிந்தது. வெளிநாட்டு உறவினர் பாவித்து விட்டு அனுப்பும் கருவிகள்தான் எமது பிள்ளைகளின் கைகளுக்கு வருகின்றன. கருவி வரும்போது அதன் கடை மூடியிருக்கும். பிள்ளை இலவசம் தேடுவதற்குக் கள்ளக் குணம் காரணமல்ல.

இன்னொன்றும் உண்டு. பழைய பி.எஸ்.பி.யில் உள்ள இணைய வசதி இன்றைய பக்கங்களைத் திறக்கப் போதாது. எனவே பிள்ளை தேடுவது கருவியில் அல்ல, அம்மாவின் கைத்தொலைபேசியில். ஆபத்து வந்து சேரும் இடமும் அதுதான்.

மூன்று வகை இலவசம்

இலவசம் என்று எழுதியிருப்பவை எல்லாம் ஒன்றல்ல. அவற்றை மூன்றாகப் பிரிக்கலாம்.

முதலாவது, செய்தவரே மனமுவந்து கொடுப்பது. யப்பானைச் சேர்ந்த டைசுகே அமாயா என்பவர் ஓய்வு நேரங்களில் தனி ஒருவராக ஐந்து ஆண்டுகள் உழைத்து ‘கேவ் ஸ்டோரி’ என்ற விளையாட்டைச் செய்தார். 2004இல் அதனை உலகத்துக்கு இலவசமாகவே கொடுத்தார். பின்னர் ஆர்வலர்கள் அதனைப் பி.எஸ்.பி.யிலும் ஓடும்படி மாற்றினார்கள். இவ்வாறு பழைய கருவிகளுக்காக ஆர்வலர்கள் வீட்டிலிருந்தே செய்து இலவசமாக விடும் விளையாட்டுகள் பல உள்ளன. 1989இல் வந்த கேம் போய் கருவிக்கு இன்றும் புதிய விளையாட்டுகள் செய்கின்றார்கள். ‘ஜீ.பி. ஸ்டூடியோ’ என்ற இலவச மென்பொருளைக் கொண்டு, கணினி மொழி தெரியாத ஒரு பிள்ளையே சிறிய விளையாட்டொன்றைச் செய்து பார்க்கலாம்.

இரண்டாவது, பிறர் உழைப்பைக் களவாகப் பிரதி செய்தது. நகரில் சில கடைகளில் மெமரி ஸ்டிக்கைக் கொடுத்தால் பல விளையாட்டுகளைப் போட்டுத் தருவார்கள். கடைக்காரர் தமது வேலைக்குக் காசு வாங்குவார்; விளையாட்டைச் செய்தவருக்கு ஒரு சதமும் போகாது. இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களுக்கும் பதிப்புரிமை வழங்குகின்றது. பழைய விளையாட்டு, கடையில் கிடைக்காத விளையாட்டு என்பதால் அந்த உரிமை இல்லாமற் போய்விடாது.

மூன்றாவது, தூண்டில். விளையாட்டே இருக்காது. இலக்கத்தையும் குறுஞ்செய்தியில் வரும் எண்ணையும் வாங்கி, நாளாந்தம் காசு வெட்டும் ஏதாவதொரு சேவையில் எம்மைச் சேர்த்துவிடுவார்கள். அல்லது தொலைபேசிக்குக் கேடான மென்பொருளை ஏற்றிவிடுவார்கள். எமது சகோதரிக்கு நடந்தது இதுவே.

மூன்றையும் பிரித்தறிய ஆங்கிலம் தெரிந்திருக்க வேண்டியதில்லை. ஒரு கேள்வி போதும்: “இது என்னிடம் எதைக் கேட்கின்றது?” உண்மையாக இலவசமாகத் தருபவருக்கு உங்கள் தொலைபேசி இலக்கம் தேவையில்லை. குறுஞ்செய்தியில் வரும் எண்ணும் தேவையில்லை. அடையாள அட்டையோ வங்கி அட்டையோ கேட்டால் உடனே மூடிவிடுங்கள்.

சுவருக்கு அப்பால் கேட்ட சத்தம்

இலக்கம் பறிபோனதற்கு முன்னரே அந்த வீட்டில் இன்னொன்று நடந்திருந்தது. மகனின் ஆசைக்காகத் தாய் ஒருமுறை நகரக் கடையொன்றில் காசு கொடுத்து விளையாட்டுகள் போட்டுக்கொண்டு வந்தார். தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் 1000 ரூபாயாக நிர்ணயிக்கப்பட்டது அந்த ஆண்டில்தான். ஒரு நாள் சம்பளத்துக்கும் அதிகமாகக் கடைக்குக் கொடுத்தார். என்ன விளையாட்டுகள் என்று கடைக்காரரும் சொல்லவில்லை. இவருக்கும் கேட்கத் தெரியவில்லை.

அன்றிரவு குசினியில் ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தவருக்குச் சுவருக்கு அப்பாலிருந்து துப்பாக்கிச் சூடும் குண்டு வெடிக்கும் சத்தமும் கேட்டன. என்ன செய்கின்றோம் என்று தெரியாமல் அடுப்படியில் குனிந்து உட்கார்ந்துவிட்டாராம். மகன் ஓடிவந்து “என்னம்மா, என்னம்மா” என்று கேட்டிருக்கின்றான். முகாமில் பிறந்த பிள்ளைக்கு அதற்கு முந்திய மாதங்களைப் பற்றி அவர் அதுவரை எதுவும் சொன்னதில்லை. அன்று சிறிது சொன்னார். அவன் அந்த விளையாட்டைத் தானாகவே அழித்துவிட்டான்.

எல்லாத் தாய்மாரும் இப்படித்தான் சொல்ல வேண்டும் என்று நான் கூறவில்லை. எப்போது, எவ்வளவு சொல்வது என்பது அவரவர் முடிவு. ஆனால் விளையாட்டு வீட்டுக்குள் வருமுன்னரே ஒன்றைப் பார்க்கலாம். ஐரோப்பாவில் வெளியாகும் விளையாட்டுப் பெட்டிகளில் 3, 7, 12, 16, 18 என்ற எண்களுள் ஒன்று அச்சிடப்பட்டிருக்கும். 2003இல் தொடங்கிய ‘பெகி’ என்ற வயது முறை இது. 18 என்றால் வளர்ந்தவர்களுக்கு மட்டும். எழுத்து வாசிக்கத் தெரியாவிட்டாலும் எண் எல்லோருக்கும் தெரியும். கடையில் பெட்டியில்லாமல் மொத்தமாகப் போட்டுத் தரும்போது அந்த எண்ணும் எமக்குக் கிடைப்பதில்லை.

விளையாட்டும் மனமும்

கேம் என்றாலே கெடுதி என்பவர்களுக்கு ஒரு ஆய்வைச் சொல்ல வேண்டும். இங்கிலாந்தின் ஒக்ஸ்போர்ட் நகர மருத்துவமனைக்கு வீதி விபத்தில் சிக்கி வந்த 71 பேரைக் கொண்டு செய்யப்பட்ட ஆய்வு 2017இல் வெளியானது. விபத்து நடந்து ஆறு மணித்தியாலத்துக்குள் ஒரு பகுதியினருக்கு நடந்ததைச் சுருக்கமாக நினைவுகூரச் செய்து, பின்னர் நிண்டெண்டோ கையடக்கக் கருவியில் டெட்ரிஸ் விளையாடக் கொடுத்தார்கள். விழும் கட்டைகளைத் திருப்பித் திருப்பி அடுக்கும் விளையாட்டு அது. அடுத்த ஒரு கிழமையில், விபத்துக் காட்சி அழையாமல் கண்முன் வந்த தடவைகள் மற்றவர்களை விட இவர்களுக்கு நூற்றுக்கு 62 குறைவாக இருந்தன. கட்டைகளின் வடிவத்தில் ஈடுபட்டிருக்கும் மனதில் பயங்கரக் காட்சி ஆழமாகப் பதிவதற்கு இடம் குறைகின்றது என்பது அவர்களின் விளக்கம்.

இதனைத் தவறாக விளங்கிக்கொள்ளக் கூடாது. அது விபத்து நடந்த அன்றே, வைத்தியக் குழுவின் மேற்பார்வையில் செய்யப்பட்டது. பல ஆண்டுகள் சுமந்த துயரத்துக்குக் கேம் கருவி மருந்தல்ல. நித்திரையின்மை, திடுக்கிட்டு எழுதல், நெஞ்சு படபடப்பு போன்றவை தொடர்ந்தால் அரசாங்க வைத்தியசாலையின் மனநலப் பிரிவை நாடுங்கள். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

நாங்கள் செய்தவை

முதலில் தொலைபேசி நிறுவனத்தின் வாடிக்கையாளர் சேவைக்கு அழைத்தோம். தமிழிலேயே பேசலாம். “எனது இலக்கத்தில் காசு வெட்டும் சேவைகள் எவையெவை? எல்லாவற்றையும் நிறுத்துங்கள்” என்று அக்காவையே பேச வைத்தேன். பத்து நிமிடத்தில் நின்றது. வெட்டிய காசு திரும்பவில்லை, இலக்கம் காப்பாற்றப்பட்டது.

அடுத்து, கணினி படிக்கும் மாணவர் ஒருவரின் உதவியுடன், ஆர்வலர்கள் இலவசமாகக் கொடுத்த நான்கு விளையாட்டுகளைத் தெரிவு செய்து போட்டோம். பி.எஸ்.பி.யில் அவை ஓட வேண்டுமானால் கருவியின் உள் மென்பொருளை மாற்ற வேண்டும். இடையில் பற்றரி தீர்ந்து வேலை தடைப்பட்டால் கருவியே பழுதாகலாம். ஆகவே தெரிந்தவரின் உதவியின்றிச் செய்யாதீர்கள்.

இவற்றையும் கவனியுங்கள்:

• பழைய பற்றரி சில வேளை வீங்கும். பின்மூடி மேலெழுந்திருந்தால் சார்ஜ் பண்ண வேண்டாம். குத்தவோ அழுத்தவோ கூடாது. கழற்றி, பிள்ளைகளுக்கு எட்டாமல் வீட்டுக்கு வெளியே வையுங்கள்.

• விளையாட்டுத் தட்டை நண்பருடன் மாற்றி விளையாடுவது களவல்ல. புத்தகம் இரவல் கொடுப்பது போலத்தான். அக்கம்பக்கத்தில் யாரிடம் என்ன இருக்கின்றது என்று விசாரியுங்கள். பார்சல் அனுப்பும் உறவினரிடம், கருவியுடன் பழைய தட்டுகளையும் வைத்து அனுப்பச் சொல்லுங்கள்.

• உங்கள் முக்கியமான இலக்கம் உள்ள தொலைபேசியைத் தேடுவதற்குக் கொடுக்கும்போது பக்கத்தில் இருங்கள். குறுஞ்செய்தியில் வரும் எண் அம்மாவுக்கு மட்டும் உரியது என்று சொல்லி வையுங்கள்.

• விளையாட்டின் வழியாக யாராவது பிள்ளையிடம் படம் கேட்டாலோ மிரட்டினாலோ தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 இலக்கத்துக்கு அழையுங்கள். பெண்களுக்கான உதவி இலக்கம் 1938.

அந்தப் பையனை நான் கடிந்துகொள்ளவில்லை. அந்த இலக்கம் ஏன் முக்கியம் என்பதை மட்டும் அம்மாவே அவனுக்குச் சொல்லட்டும் என்று விட்டேன். அதன்பிறகு ரீலோட் போட்டவுடன் மிச்சக் காசைச் சரிபார்த்துச் சொல்வது அவனது வேலையாகிவிட்டது.

கடந்த முறை போனபோது அக்கா ஒன்று சொல்லிச் சிரித்தார். நிறம் பார்த்துக் கட்டைகளைச் சேர்க்கும் புதிர் விளையாட்டை மகன் நித்திரையான பிறகு இவர் எடுத்து விளையாடுகின்றாராம். “பத்து நிமிசம் மிஸ். மனசு வேற எங்கயும் போறதில்ல. அவன் என்னை விடக் கூடப் புள்ளி எடுத்திருக்கிறான், அதுதான் கோவம்” என்றார். மேசையில் பி.எஸ்.பி. இருந்தது. அதற்குப் பக்கத்தில், கைக்கு எட்டும் தூரத்தில், சத்தத்தைக் கூட்டி வைத்தபடி தொலைபேசியும் இருந்தது.

சகோதரிகளே, பிள்ளை அடுத்த முறை “அம்மா, போனைத் தாங்க” என்று கேட்டால் மறுக்க வேண்டாம். எதற்கு என்று கேளுங்கள். பிறகு அவனருகில் உட்கார்ந்து நீங்களும் பாருங்கள்.